சந்தாவை நிறுத்திய பின்னும் அட்டையிலிருந்து பணம் போகிறது: வெளிநாட்டுப் படைப்பாளிப் பக்கங்களில் சேருவோர் கவனத்துக்கு

மட்டக்களப்பிலும் அம்பாறையிலும் வீட்டிலிருந்தபடியே தையல், கேக் அலங்காரம், மருதாணி, கணினி வரைகலை என்று ஏதாவது ஒரு தொழிலைச் செய்பவர்கள் பலர், வெளிநாட்டுப் படைப்பாளிகளின் பக்கங்களில் மாதச் சந்தா கட்டி மாதிரிகளையும் பயிற்சிக் காணொளிகளையும் பெற்று வருகிறார்கள். சேருவது எளிது, அட்டை இலக்கத்தைக் கொடுத்தால் இரண்டு நிமிடத்தில் வேலை முடிந்துவிடும். விலகுவது அப்படியல்ல என்பதை என் கைப்பணம் போன பிறகு சொல்ல வேண்டியிருக்கிறது. இன்னொருவரின் பணமும் இதே வழியில் போகக்கூடாது என்பதற்காக நடந்ததை முழுவதுமாக எழுதுகிறேன். அந்தத் தளத்தின் பெயரையும் என் வங்கியின் பெயரையும் நான் குறிப்பிடவில்லை. இதே வடிவமைப்பு வேறு பல தளங்களிலும் இருப்பதால் பெயரைக் காட்டிலும் முறையை அறிந்துகொள்வதுதான் பயன் தரும்.

களுவாஞ்சிகுடியில் மணப்பெண்களின் கூறைச்சேலைச் சட்டைகளுக்கு ஆரி வேலை செய்து கொடுப்பது என் தொழில். ஒரு மாதிரியை அச்சிட்டு, அதை ட்ரேசிங் தாளில் எடுத்து, கோடு நெடுக ஊசியால் துளையிட்டு, மண்ணெண்ணெயில் குழைத்த தூளைத் துணியின் மேல் தேய்த்துப் படிய வைத்த பிறகுதான் நூலும் மணியும் ஏறும். ஆகவே தெளிவான, அளவு பிசகாத மாதிரிக் கோப்புகள் எங்களுக்கு முதல் தேவை. அத்தகைய கோப்புகளை மாதந்தோறும் வெளியிடும் ஒரு படைப்பாளியின் பக்கத்தில், முதல் மாதத்துக்கு 1 டொலர், அதன் பிறகு மாதம் 9 டொலர் என்ற ஏற்பாட்டில் சேர்ந்தேன். அந்தப் படைப்பாளியைப் பற்றி எனக்குக் குறையில்லை. கொடுத்த மாதிரிகள் தரமானவை; ஒரு மயில் மாதிரியை மட்டும் பல வாடிக்கையாளர்கள் கேட்டு வாங்கியிருக்கிறார்கள். குறை முழுவதும் அவருக்கும் எனக்கும் நடுவில் நின்று பணத்தை வாங்கிக் கொடுக்கும் தளத்தின் மீதுதான்.

ஆடி மாதத்தில் இங்கே கல்யாணம் இல்லை. வேலை குறையும் காலத்தில் 9 டொலரைக் கட்டிக்கொண்டிருப்பதில் பொருளில்லை என்பதால், ஆனி முடிவதற்கு முன்பே சந்தாவை நிறுத்திவிட முடிவு செய்தேன். அடுத்த கட்டணத் திகதிக்கு இன்னும் ஒரு கிழமைக்கு மேல் இருந்தது. தளத்தின் முகப்பில் நிறுத்துவதற்கான பொத்தான் எதுவும் இல்லை. கணக்கு, அமைப்புகள், உறுப்புரிமை, கட்டண விபரம் என்று ஒன்றின் உள்ளே ஒன்றாகப் போன பிறகு, சாம்பல் நிறத்தில் மிகச் சிறிய எழுத்தாக அது இருந்தது. அதை அழுத்தியதும் ஏன் விலகுகிறீர்கள் என்று ஒரு கேள்வி. பதில் சொன்னால் அடுத்த இரண்டு மாதங்களுக்குப் பாதி விலை என்று ஒரு சலுகை. அதையும் மறுத்தால் ‘ஒரு மாதம் இடைநிறுத்தி வையுங்கள்’ என்று பச்சை நிறத்தில் திரையின் பாதியை அடைக்கும் ஒரு பொத்தான். உண்மையில் நிறுத்துவதற்கான வழி, அதற்குக் கீழே அடிக்கோடு கூட இல்லாத வெறும் வரியாக இருந்தது. அந்த வரியைத்தான் அழுத்தினேன். ‘உங்கள் விலகல் கோரிக்கை கிடைத்தது, நீங்கள் போவதில் வருந்துகிறோம்’ என்று ஒரு திரை வந்தது. வாடிக்கையாளரின் அளவுத் தாளைக் கூடப் படம் பிடித்து வைக்கும் பழக்கம் எனக்கு உண்டு. அந்தத் திரையையும் திகதி, நேரம் தெரியும்படி படம் எடுத்து வைத்தேன்.

அடுத்த கட்டண நாளில், பொழுது விடிந்து சற்று நேரத்தில், அட்டையிலிருந்து 9 டொலர் கழிக்கப்பட்டதாக வங்கியின் குறுஞ்செய்தி வந்தது.

காரணம் பிறகுதான் தெரிய வந்தது. கோரிக்கை கிடைத்தது என்று திரையில் சொன்னவர்கள், அதை உறுதிப்படுத்துவதற்காக ஒரு மின்னஞ்சல் அனுப்பி, அதில் உள்ள இணைப்பை 24 மணித்தியாலத்துக்குள் அழுத்த வேண்டும் என்று அங்கே எழுதியிருக்கிறார்கள். திரையில் அதைப் பற்றி ஒரு சொல்லும் இல்லை. அந்த மின்னஞ்சலோ விளம்பரங்கள் போய்ச் சேரும் பகுதியில், ‘உங்களுக்காக இந்த மாதம் என்ன இருக்கிறது’ என்ற தலைப்போடு கிடந்தது. விலகலுக்கான கடிதம் என்று அந்தத் தலைப்பைப் பார்த்து எவராலும் நினைக்க முடியாது. சேரும்போது அட்டை இலக்கத்தை ஒரே அழுத்தலில் வாங்கியவர்களுக்கு, விலகும்போது மட்டும் இத்தனை உறுதிப்பாடு ஏன் தேவைப்பட்டது என்பதை வாசிப்பவர்களே யோசித்துக்கொள்ளலாம். இவ்வாறு பயனரை ஏமாற்றித் தடுக்கும் வடிவமைப்புகளுக்கு ‘இருண்ட வடிவங்கள்’ என்று ஹரி பிரிக்னல் என்ற வடிவமைப்பாளர் 2010 இலேயே பெயர் வைத்து, எடுத்துக்காட்டுகளைத் திரட்டி வெளியிட்டிருக்கிறார். இது தற்செயலாக நேர்ந்த குழறுபடி அல்ல, தெரிந்தே வரையப்பட்ட பாதை என்றே நான் கருதுகிறேன்.

தளத்தின் உதவிப் பகுதியில் முதலில் பதில் சொன்னது இயந்திரம். நான் எதைக் கேட்டாலும் ‘சந்தாவை நிறுத்துவது எப்படி’ என்ற அதே பக்கத்தையே திரும்பத் திரும்ப நீட்டியது. மனிதர் ஒருவர் எழுதியதாகத் தோன்றிய பதில் சில நாட்கள் கழித்து வந்தது. எங்கள் பதிவின்படி நீங்கள் விலகலை உறுதிப்படுத்தவில்லை, நிபந்தனைகளின்படி எந்தக் கட்டணமும் திருப்பித் தரப்படமாட்டாது, ஆனால் நல்லெண்ணத்தின் பேரில் ஒரு மாதத்தை இலவசமாகத் தருகிறோம் என்பது அதன் சாரம். அந்த இலவச மாதத்தைப் பெறுவதற்கு அட்டை இலக்கம் கணக்கில் இருந்தாக வேண்டும் என்பது அதற்கு அடுத்த வரி. இந்த இழுபறி நடந்துகொண்டிருக்கும்போதே அடுத்த மாதத்துக்கான 9 டொலரும் போய்விட்டது.

9 டொலர்தானே என்று சிலர் சொன்னார்கள். டொலர் 300 ரூபாய் என்று வைத்தாலும் அது 2,700 ரூபாய். அதன் மேல் வெளிநாட்டு நாணயப் பரிவர்த்தனைக்காக வங்கி எடுக்கும் கட்டணமும் அட்டையைப் பொறுத்து வேறு அறவீடுகளும் சேரும். கைப்பட்டியில் மட்டும் மணி வைக்கும் ஒரு சிறு வேலைக்கு நான் வாங்கும் கூலி ஏறக்குறைய அவ்வளவுதான். மேலும் சந்தா டொலரில் இருப்பதால் அங்கே விலை ஏறாமலே இங்கே நம் செலவு ஏறிவிடும். 2022 மார்ச்சில் ரூபாயை மிதக்க விட்டபோது 200 ரூபாய் அளவில் இருந்த டொலர், மே மாதத்துக்குள் 360 ரூபாயைத் தொட்டதை நாம் மறக்கவில்லை. அந்த நாட்களில் யாரும் கவனிக்காமல் ஓடிக்கொண்டிருந்த சந்தாக்கள், ஒரு அறிவித்தலும் இல்லாமல் ஒன்றரை மடங்குக்கும் மேலான தொகையை எடுத்துக்கொண்டிருந்தன.

வங்கிக்குப் போன கதையையும் சொல்ல வேண்டும். முகப்பில் இருந்த தம்பி நான் சொன்னதைப் பாதி கேட்பதற்குள்ளேயே, “அந்த அப்பை அழிச்சு விடுங்க அக்கா, மறுகா வெட்டாது” என்று சொல்லிவிட்டு அடுத்தவரைக் கூப்பிட்டார். இது முற்றிலும் தவறான ஆலோசனை. செயலியை அழிப்பதால் சந்தா நிற்காது. கூகுள் தன் உதவிப் பக்கத்திலேயே இதை வெளிப்படையாக எழுதி வைத்திருக்கிறது. என்றாலும் வங்கி முகப்பிலும் கைப்பேசிக் கடையிலும் வீட்டிலும் இதே ஆலோசனைதான் கிடைக்கிறது. காரைதீவில் இருக்கும் என் மைத்துனர் ஒருவர், தன் மகன் ஒரு யூடியூப் அலைவரிசையில் கட்டண உறுப்பினராகச் சேர்ந்திருந்ததைக் கண்டு, செயலியை அழித்ததோடு நில்லாமல் கைப்பேசியையே மாற்றினார். கட்டணம் மாதாமாதம் போய்க்கொண்டே இருந்தது. சந்தா கைப்பேசியில் இல்லை, கூகுள் கணக்கில் இருக்கிறது என்பதை அவருக்கு ஒருவரும் சொல்லவில்லை.

பிறகு அட்டைப் பிரிவில் இருந்த அலுவலர் ஒருவரிடம் பேசக் கிடைத்தது. பொறுமையாகக் கேட்டார். “நிறுத்தினதுக்கு என்ன அத்தாட்சி வச்சிருக்கிறீங்க?” என்பதுதான் அவருடைய முதல் கேள்வி. நான் எடுத்து வைத்திருந்த திரையின் படத்தைக் காட்டினேன். அவர் விளக்கிய சில விடயங்களை நான் அதுவரை எங்கும் வாசித்ததில்லை. பின்னர் தேடிப் பார்த்தபோது அவை சரியானவை என்று உறுதியானது.

முதலாவது, ஒருமுறைக் கடவுச்சொல் பற்றியது. இணையத்தில் அட்டையைப் பயன்படுத்தும்போது கைப்பேசிக்கு ஒரு இலக்கம் வருகிறது, அதைச் சொல்லாமல் யாரும் பணம் எடுக்க முடியாது என்று நாம் நம்புகிறோம். முதற் கட்டணத்துக்குப் பெரும்பாலும் அது உண்மை. அதன் பின்னர் வரும் மாதக் கட்டணங்களோ விற்பவர் தரப்பிலிருந்து தொடங்கப்படுபவை. சேரும்போது நீங்கள் கொடுத்த சம்மதத்தின் பேரில் அவை நடப்பதால் ஒவ்வொரு மாதமும் இலக்கம் கேட்கப்படுவதில்லை. ஆகவே 1 டொலருக்காக நாம் கொடுத்த அந்த ஒரு இலக்கம், பின்னால் வரப்போகும் எல்லா 9 டொலர்களுக்கும் திறந்து விட்ட கதவாகிவிடுகிறது.

இரண்டாவது, அட்டையை முடக்கிப் புதிய அட்டை வாங்கினால் எல்லாம் முடிந்தது என்ற நம்பிக்கை பற்றியது. வீசா, மாஸ்டர்கார்ட் இரண்டிலும், பழைய அட்டைக்குப் பதிலாகப் புதியது வழங்கப்பட்டால் அதன் இலக்கத்தையும் காலாவதித் திகதியையும் விற்பவருக்குத் தெரிவிக்கும் சேவை ஒன்று இருக்கிறது. அதில் சேர்ந்திருக்கும் வங்கியின் அட்டையாக இருந்தால், நீங்கள் எங்கும் புதிய இலக்கத்தைக் கொடுக்காமலே பழைய சந்தா புதிய அட்டையில் தொடரலாம். உங்கள் வங்கி சேர்ந்திருக்கிறதா என்று கேட்டு, குறித்த விற்பவரின் தொடர் கட்டணத்தை நிறுத்தும்படி எழுத்தில் அறிவுறுத்துவதே சரியான வழி. கணக்கில் பணம் இல்லாமல் வைத்திருப்பதும் தீர்வாகாது. கட்டணம் ஒருமுறை தவறினால் பல தளங்கள் சில நாட்கள் விட்டு விட்டு மீண்டும் முயலும்; நீங்கள் சீட்டுப் பணத்தை வைப்பிலிட்ட அன்றைக்கு அந்த முயற்சி பலித்துவிடவும் கூடும்.

மூன்றாவதாக அவர் சொன்னது டெபிட் அட்டைக்கும் கடனட்டைக்கும் உள்ள வேறுபாடு. கடனட்டையில் தவறான கட்டணம் விழுந்தால், அது மாதக் கணக்குக் கூற்றில் ஒரு வரியாக நிற்கும்போதே ஆட்சேபம் தெரிவிக்க முடிகிறது. டெபிட் அட்டையில் கையிருப்புப் பணம் அந்தக் கணமே போய்விடும். திரும்பி வரும் வரை இழப்பு நம்முடையது. என்னிடம் இருந்தது டெபிட் அட்டை.

ஆட்சேபப் படிவத்தை அவரே எடுத்துத் தந்தார். நிறுத்திய பின்னும் எடுக்கப்பட்ட தொடர் கட்டணம் என்பது அட்டை வலையமைப்புகளின் விதிகளில் தனியான ஒரு ஆட்சேபக் காரணமாகவே இருக்கிறது. வீசாவில் அதன் குறியீடு 13.2. இதற்குப் பொதுவாக 120 நாட்கள் வரை அவகாசம் உண்டு என்றாலும், தன் வாடிக்கையாளர் அதற்கு முன்பே அறிவிக்க வேண்டும் என்று வங்கி தன் நிபந்தனைகளில் குறுகிய காலம் வைத்திருக்கலாம் என்பதால், குறுஞ்செய்தி வந்த அந்தக் கிழமையிலேயே எழுத்தில் கொடுத்துவிடுவது நல்லது. 2020 ஏப்ரலிலிருந்து, இலவசமாகவோ அறிமுக விலையிலோ சந்தா தொடங்கும் விற்பவர்கள், முழு விலைக்கு மாறுவதற்கு முன் வாடிக்கையாளருக்கு நினைவூட்டல் அனுப்ப வேண்டும், இணையத்திலேயே எளிதாக நிறுத்த வழி தர வேண்டும் என்று வீசா விதித்திருக்கிறது. 1 டொலர் 9 டொலராக மாறியபோது எனக்கு எந்த நினைவூட்டலும் வரவில்லை. அதையும் படிவத்தில் எழுதினேன்.

இனி, இத்தகைய சந்தா வைத்திருப்பவர்கள் கவனிக்க வேண்டியது. எந்த வாசலால் பணம் போகிறதோ அந்த வாசலில்தான் அதை நிறுத்த முடியும். படைப்பாளியைப் பின்தொடர்வதை விடுவதும், அவருடைய மின்னஞ்சல்களைத் தடுப்பதும் கட்டணத்தைத் தொடாது. தளத்தின் இணையப் பக்கத்தில் அட்டையைக் கொடுத்திருந்தால் அங்கேயே நிறுத்த வேண்டும். அன்ட்ரொய்ட் கைப்பேசியில் கூகுள் பிளே ஊடாகக் கட்டியிருந்தால், பிளே ஸ்டோரில் உங்கள் படத்தை அழுத்தி, கட்டணங்களும் சந்தாக்களும் என்ற பகுதிக்குப் போக வேண்டும். ஒருவரிடம் இரண்டு கூகுள் கணக்குகள் இருந்தால் எந்தக் கணக்கில் வாங்கப்பட்டதோ அதில் மட்டுமே சந்தா தெரியும். என் மைத்துனர் வீட்டில் இரண்டு நாள் தேட வைத்தது இதுதான். ஐபோனில் வாங்கியிருந்தால் அமைப்புகளில் உங்கள் பெயரை அழுத்திச் சந்தாக்கள் என்ற இடத்துக்குப் போக வேண்டும். 2024 நவம்பரிலிருந்து, படைப்பாளிகளுக்கு மாதச் சந்தா கட்டும் பேட்ரியன் தளத்தின் ஐபோன் செயலியில் புதிதாகச் சேருபவர்களின் கட்டணம் அப்பிள் ஊடாகச் செல்லத் தொடங்கியதால், அவ்வாறு சேர்ந்த ஒருவர் பேட்ரியனின் இணையப் பக்கத்தில் தேடிக்கொண்டிருப்பதில் பயனில்லை. பேபால் வழியாகக் கட்டியிருந்தால், பேபால் கணக்கின் உள்ளே தன்னியக்கக் கொடுப்பனவுகள் என்ற பட்டியலில் அந்தத் தளத்துக்குக் கொடுத்த அனுமதியையும் தனியாக நீக்க வேண்டும்.

திகதி விடயத்தில் கடைசி நாளை நம்ப வேண்டாம். அடுத்த கட்டணத்துக்கு ஆகக் குறைந்தது 24 மணித்தியாலத்துக்கு முன் நிறுத்தும்படி அப்பிள் கேட்கிறது. சில பக்கங்கள் நீங்கள் சேர்ந்த திகதியில் மாதந்தோறும் எடுக்கும். சில பக்கங்கள் எப்போது சேர்ந்தாலும் 1 ஆம் திகதி எடுக்கும், அதாவது 28 ஆம் திகதி சேர்ந்தவரிடம் சில நாட்களிலேயே இரண்டாம் கட்டணம் வந்து நிற்கும். உலகப் பொது நேரத்தில் நாள் மாறும்போது நமக்குக் காலை 5.30 மணி, எனவே அன்றைய தினம் கடைக்குப் போய் நெட் போட்டுக்கொண்டு நிறுத்தலாம் என்று இருந்தால், எழும்புவதற்கு முன்பே பணம் போயிருக்கும். பெரும்பாலான தளங்களில் இன்றைக்கே நிறுத்தினாலும் கட்டிய காலம் முடியும் வரை உள்ளடக்கம் திறந்திருக்கும். ஆகவே சேர்ந்த அன்றே தன்னியக்கப் புதுப்பித்தலை நிறுத்திவிட்டு, தேவைப்பட்டால் அடுத்த மாதம் மீண்டும் சேருவதே நான் இப்போது கடைப்பிடிக்கும் முறை.

நிறுத்தியதற்குச் சான்று என்பது ‘கோரிக்கை கிடைத்தது’ என்ற திரை அல்ல. ‘இன்ன திகதியோடு முடிவடைகிறது’ என்று சந்தாவின் பக்கத்திலேயே தெரிய வேண்டும். ‘அடுத்த கட்டணம்’ என்ற வரி மறைந்திருக்க வேண்டும். அது மறையும் வரை நிறுத்தப்படவில்லை என்றே கொள்ள வேண்டும்.

சட்டம் என்ன சொல்கிறது என்று சிலர் கேட்டார்கள். இந்தியாவில் 2021 ஒக்டோபர் 1 முதல், தொடர் கட்டணம் எடுப்பதற்கு 24 மணித்தியாலத்துக்கு முன் அட்டைதாரருக்கு அறிவித்தல் போக வேண்டும் என்று ரிசர்வ் வங்கி கட்டாயமாக்கியிருக்கிறது. அமெரிக்காவில், சேருவது எவ்வளவு எளிதோ விலகுவதும் அவ்வளவு எளிதாக இருக்க வேண்டும் என்ற விதியை அந்நாட்டு வர்த்தக ஆணைக்குழு 2024 ஒக்டோபரில் கொண்டுவந்தது. நடைமுறைக்கு வருமுன் 2025 யூலையில் மேன்முறையீட்டு நீதிமன்றம் அதை இரத்துச் செய்துவிட்டது. நம் நாட்டில் 2003 ஆம் ஆண்டின் 9 ஆம் இலக்கப் பாவனையாளர் அலுவல்கள் அதிகாரசபைச் சட்டம் இருக்கிறது, 1977 என்ற இலக்கத்துக்கு அழைக்கவும் முடியும்; ஆனால் இங்கே அலுவலகமே இல்லாத ஒரு தளத்திடமிருந்து 9 டொலரை அந்த வழியாக மீட்கலாம் என்று நான் எதிர்பார்க்கவில்லை. கையில் இருக்கும் உருப்படியான வழி வங்கியின் ஆட்சேபப் படிவம்தான். வங்கி அதை வாங்க மறுத்தாலோ பதில் தராமல் இழுத்தடித்தாலோ, வங்கிக்கு எழுத்தில் முறையிட்டதற்கான பிரதியுடன் இலங்கை மத்திய வங்கியின் நிதியியல் நுகர்வோர் உறவுகள் திணைக்களத்தை 1935 என்ற இலக்கத்தில் நாடலாம். வங்கியில் முதலில் முறையிடாமல் அங்கே போனால் திருப்பி அனுப்பிவிடுவார்கள்.

என் விடயத்தில், முதலாவது 9 டொலர் கணக்குக்குத் திரும்பி வந்தது. ரூபாய் மதிப்பில் சற்றுக் குறைவாகவே வந்தது. இரண்டாவதைப் பற்றிய முடிவு இன்னும் வரவில்லை. ஆட்சேபம் பதிவான சில நாட்களிலேயே தளம் என் கணக்கை மூடிவிட்டது. நான் பணம் கட்டிய மாதங்களுக்குரிய கோப்புகள் உட்பட எதையும் இப்போது திறக்க முடியாது. மயில் மாதிரியும் மற்றவையும் முன்பே என் கணினியில் இறக்கி வைத்திருந்ததால் தப்பின. வங்கிப் படிவத்தில் கையொப்பம் இடுவதற்கு முன்னர், காசு கொடுத்துப் பெற்ற அனைத்தையும், கட்டணப் பற்றுச்சீட்டுகளையும் சேர்த்து, இறக்கி வைத்துக்கொள்ளுங்கள்.